எல்விஸுக்கு முன்பே யோடலிங் பாடிய ஜே.பி. சந்திரபாபு: ஹீரோவாக நிலைக்காதது ஏன்?

1996-ல் வந்த ‘உள்ளத்தை அள்ளித்தா' படத்தை டிவியில் எத்தனை முறை பார்த்தோம் என்று பலருக்குக் கணக்கே இருக்காது. ஊட்டிக் குளிர், பெரிய பங்களா, ஆள் மாறாட்டம், கார்த்திக் - கவுண்டமணி கலாட்டா. இன்றும் மீம்களில் உயிரோடு இருக்கும் படம் அது. ஆனால், அந்த ஆள் மாறாட்டத்தின் வேர் 1958-ல் இருக்கிறது. பி.ஆர். பந்துலு இயக்கிய ‘சபாஷ் மீனா'. அதில் கதாநாயகன் சிவாஜி கணேசன். ஆனால் படம் பார்த்துவிட்டு வெளியே வந்தவர்கள் அதிகம் பேசியது, அதில் இரட்டை வேடம் போட்ட இன்னொருவரைப் பற்றி. அவர்தான் ஜே.பி. சந்திரபாபு.

கோட், தொப்பி, வளைந்து நெளியும் உடம்பு, திடீரென்று உச்சத்துக்குப் போய் உடைந்து திரும்பும் குரல். ரீல்ஸில் இவருடைய பாட்டைப் போட்டு ஆடுகிறவர்களில் பாதிப் பேருக்குப் பாடியவர் யார் என்று தெரியாது. தெரிந்தவர்களும் பழைய காமெடியன் என்று ஒரு வார்த்தையில் முடித்துவிடுவார்கள். அந்த ஒரு வார்த்தைக்குள் அடங்க மறுத்ததுதான் அவருடைய வாழ்க்கை. 46 வயதில் அது முடிந்துபோனதற்கும் அதில் பங்கு உண்டு.

தூத்துக்குடியில் பிறப்பு, கொழும்பில் வளர்ப்பு

1927 ஆகஸ்டில் தூத்துக்குடியில் ஒரு கத்தோலிக்கக் குடும்பத்தில் பிறந்தார். ஜோசப் பனிமயதாஸ் என்பது பெயர். தூத்துக்குடிக்காரர்களுக்கு இந்தப் பெயரின் காரணத்தை விளக்க வேண்டியதில்லை. ஆகஸ்டு வந்தால் ஊரே திரளும் பனிமய மாதா கோயில் திருவிழாதான் காரணம்.

அப்பா ரொட்ரிக்ஸ் சுதந்திரப் போராட்டக்காரர். ‘சுதந்திர வீரன்' என்று ஒரு பத்திரிகை நடத்தினார். பிரிட்டிஷ் அரசு சும்மா விடவில்லை. 1929-ல் குடும்பத்தோடு ஊரை விட்டு வெளியேற வேண்டியதாயிற்று. கடலைத் தாண்டிக் கொழும்பு போனார்கள். கைக்குழந்தையாகப் போன சந்திரபாபு, 1943-ல் குடும்பம் சென்னை திரும்பும்போது மீசை அரும்பும் பையன்.

அவரைப் புரிந்துகொள்ள இந்தப் 14 வருடங்கள் முக்கியம். அதே காலத்தில் மதுரையிலோ தஞ்சாவூரிலோ பாட்டு ஆர்வத்தோடு ஒரு பையன் வளர்ந்திருந்தால், அவன் காதில் விழுந்திருப்பது கர்நாடக சங்கீதமும் நாடகக் கம்பெனிப் பாட்டும்தான். எம்.கே. தியாகராஜ பாகவதர்தான் அன்றைய சூப்பர் ஸ்டார். கொழும்பு வேறு மாதிரி. உலகக் கப்பல்கள் வந்துபோகும் துறைமுகம். போர்ச்சுகீசியர் விட்டுச்சென்ற பைலா தாளம், தேவாலயப் பாடற்குழு, ஆங்கில இசைத்தட்டு, மேற்கத்திய நடனம் எல்லாம் கலந்த நகரம். சந்திரபாபு படித்ததும் அங்கிருந்த கத்தோலிக்கப் பள்ளியில்தான். மேற்கத்திய இசை அவருக்குப் பின்னால் கற்றுக்கொண்ட ஸ்டைல் இல்லை. தாய்ப்பாலோடு வந்த விஷயம்.

சென்னையில் திருவல்லிக்கேணியில் குடியேறினார்கள். அப்பாவுக்குத் ‘தினமணி'யில் வேலை. மகனுக்கு சினிமாப் பைத்தியம். 1947-ல் ‘தன அமராவதி' படத்தில் சின்ன வேடம் ஒன்று கிடைத்தது. அதன் பிறகு சொல்லிக்கொள்ளும்படி எதுவும் நடக்கவில்லை. அந்தக் காலகட்டத்தைப் பற்றித் திரையுலகில் பரவலாகச் சொல்லப்படும் கதை ஒன்று உண்டு. கோவையில் இசையமைப்பாளர் எஸ்.எம். சுப்பையா நாயுடுவிடம் வாய்ப்புக் கேட்டுப் போய்ப் பாடிக் காட்டினாராம். அங்கே உதவியாளராக ஆர்மோனியம் வாசித்துக்கொண்டிருந்த ஓர் இளைஞர், இவருக்குத் தமிழ் உச்சரிப்பே சரியில்லை என்று சொல்லிவிட்டாராம். அந்த இளைஞர் எம்.எஸ். விஸ்வநாதன். பின்னால் இருவரும் உயிர் நண்பர்கள் ஆனார்கள்.

ஜெமினி வாசலில் நடந்தது

இன்று ஆடிஷனுக்கு ஒரு வீடியோ எடுத்து அனுப்பினால் போதும். அன்று ஸ்டுடியோ வாசலில் நிற்க வேண்டும். ஸ்டுடியோ என்றால் ஜெமினி, ஏவிஎம், வாஹினி. ஜெமினி என்றால் எஸ்.எஸ். வாசன். ‘சந்திரலேகா' எடுத்து இந்தியாவையே திரும்பிப் பார்க்க வைத்தவர். அவரைச் சந்தித்துவிட்டால் வாழ்க்கை மாறிவிடும் என்று நம்பிய பல பேரில் சந்திரபாபுவும் ஒருவர். சந்திக்கவே முடியவில்லை.

1952-ல் அவர் ஜெமினி வளாகத்துக்குள்ளேயே உயிரை மாய்த்துக்கொள்ள முயன்றார். காப்பாற்றிவிட்டார்கள். ஆனால் வழக்குப் பதிவானது. அன்றைய இந்திய தண்டனைச் சட்டம் 309-வது பிரிவின்படி தற்கொலை முயற்சி குற்றம். வாய்ப்பும் இல்லை, வருமானமும் இல்லை, அதோடு கோர்ட் படியேற வேண்டிய நிலைமை. (2017-ல் வந்த மனநலப் பாதுகாப்புச் சட்டம்தான் அப்படி முயல்பவர் கடும் மன அழுத்தத்தில் இருந்ததாகக் கருதி, விசாரணையும் தண்டனையும் கூடாது என்றது. இப்போது அந்தப் பிரிவே புதிய சட்டத்தில் இல்லை.)

நீதிமன்றத்தில் தீக்குச்சியால் தன் கையைச் சுட்டுக்கொண்டு, சுட்டதைப் பார்க்க முடியும், என் வலியை உணர முடியாது என்ற அர்த்தத்தில் அவர் வாதாடியதாகவும், நீதிபதி எச்சரித்து விட்டுவிட்டதாகவும் சொல்வார்கள். அதில் எவ்வளவு நிஜம், எவ்வளவு சினிமா என்பது வேறு விஷயம். நடந்தது இதுதான்: வாசனின் கவனம் இவர் மேல் விழுந்தது. அதே ஆண்டு ஜெமினியின் ‘மூன்று பிள்ளைகள்' படத்தில் சந்திரபாபு நடித்தார்.

இதை முயற்சி திருவினையாக்கிய கதையாகச் சொல்லிச் சொல்லியே பழகிவிட்டார்கள். அப்படிச் சொல்வது சரியில்லை. திறமையுள்ள ஒரு 25 வயதுப் பையன் கதவு திறக்காததால் சாகத் துணிந்தான் என்பதுதான் அதிலிருக்கும் உண்மை. அந்தத் தவிப்பு பிறகு புகழ் வந்த பிறகும் அவரை விட்டுப் போகவில்லை.

யோடலிங் என்றால் என்ன?

அடிக்குரலில் பாடிக்கொண்டே இருந்து, சட்டென்று மெல்லிய உச்சக் குரலுக்குத் தாவி, அதே வேகத்தில் திரும்பக் கீழே இறங்குவது. அந்தத் தாவலில் குரல் உடைவது கேட்க வேண்டும். சாதாரணப் பாடகர்கள் மறைக்கப் பாடுபடும் உடைசலை யோடலிங் பாடுபவர் வேண்டுமென்றே காட்டுவார். ஆல்ப்ஸ் மலையில் ஒரு சரிவிலிருந்து இன்னொரு சரிவுக்குக் கூப்பிட்டுப் பேசப் பயன்பட்ட முறை. 1920-களில் அமெரிக்காவின் ஜிம்மி ரோஜர்ஸ் இதை நாட்டுப்புறப் பாட்டுக்குள் கொண்டுவந்தார்.

தமிழ் சினிமாவுக்குள் 1950-களின் தொடக்கத்திலேயே இதைக் கொண்டுவந்தவர் சந்திரபாபு. அந்தக் காலகட்டத்தைக் கொஞ்சம் யோசித்துப் பார்க்க வேண்டும். எல்விஸ் பிரெஸ்லி மெம்பிஸ் நகரத்தில் சன் ரெக்கார்ட்ஸுக்காகத் தன் முதல் இசைத்தட்டைப் பதிவு செய்தது 1954 ஜூலையில். ராக் அண்ட் ரோல் உலகம் முழுக்கத் தீயாய்ப் பரவியது அதற்கடுத்த வருடங்களில். அந்த அலை இங்கே வந்து சேரும்போது, அதற்கு ஏற்ற குரலும் உடம்பும் கோடம்பாக்கத்தில் தயாராக இருந்தன.

1954-ல் ஏவிஎம் எடுத்த ‘பெண்' படத்தில், நடிகர் எஸ். பாலசந்தருக்குப் பின்னணி பாடினார் சந்திரபாபு. கல்யாணத்தைப் பற்றிய குறும்புப் பாட்டு அது, செம ஹிட். (பின்னாளில் வீணை மேதையாகப் பெயர் வாங்கிய அதே பாலசந்தர்தான்.)

இங்கே ஒரு சுவாரஸ்யமான விஷயம். ‘பெண்' படத்தை இயக்குநர் எம்.வி. ராமன் இந்தியில் ‘லட்கி' என்று எடுத்தார். பாலசந்தரின் வேடத்தை அங்கே செய்தவர் கிஷோர் குமார். தானே நடித்தார், தானே பாடினார். சந்திரபாபுவை விட இரண்டு வயது இளையவர். அவரும் யோடலிங் மன்னன்தான். முறைப்படி சங்கீதம் கற்காதவர். கோமாளித்தனமும் குரலும் கலந்தவர். இந்தி சினிமா அவரைக் கதாநாயகனாக ஏற்றது. ‘நியூ டெல்லி', ‘சல்தி கா நாம் காடி' என்று ஹிட் படங்கள் கொடுத்தார். இங்கே, அதே பாட்டுக்குச் சந்திரபாபுவின் குரல் மட்டும் போதும் என்றார்கள். முகம் வேறொருவருடையது.

ஒரே கதை, ஒரே வேடம், ஒரே விதமான திறமை. இரண்டு சினிமாக்கள் இரண்டு விதமாக நடந்துகொண்டன. சந்திரபாபுவின் வாழ்க்கையில் பின்னால் நடந்த எல்லாவற்றுக்கும் இந்த வித்தியாசம் ஒரு முன்னோட்டம்.

உச்சம்

1955-லிருந்து 1962 வரை அவருடைய காலம். எம்.ஜி.ஆருடன் ‘குலேபகாவலி', ‘மகாதேவி', ‘நாடோடி மன்னன்'. சிவாஜியுடன் ‘புதையல்', ‘சபாஷ் மீனா', ‘மரகதம்'. ‘புதையல்' படத்தில் பட்டுக்கோட்டை கல்யாணசுந்தரம் எழுதி, விஸ்வநாதன் - ராமமூர்த்தி இசையில் இவர் பாடி ஆடிய காதல் பாட்டைக் கேட்டால், இன்றைய குத்துப் பாட்டுக்கும் அதற்கும் இடையே பெரிய தூரம் இல்லை என்று தெரியும். ‘மரகதம்' படத்தின் ‘குங்குமப் பூவே' பாட்டை ஜமுனா ராணியுடன் பாடினார். இசை, அதே எஸ்.எம். சுப்பையா நாயுடு. கோவையின் பட்சிராஜா நிறுவனம் எடுத்த படம். வாய்ப்புக் கேட்டு அலைந்த ஊருக்குப் பாட்டு ராஜாவாகத் திரும்பிப் போனார்.

அன்றைக்குப் பெரிய ஹீரோக்கள் எல்லாருக்கும் டி.எம். சௌந்தரராஜனோ, சீர்காழி கோவிந்தராஜனோ, பி.பி. ஸ்ரீனிவாஸோ, ஏ.எம். ராஜாவோ பாடினார்கள். தனக்குத் தானே பாடும் நடிகர்கள் பாகவதர் தலைமுறையோடு கிட்டத்தட்ட முடிந்துபோயிருந்தார்கள். சந்திரபாபு தனக்குத் தானே பாடினார். பாடும்போதே ஆடினார். அந்த ஆட்டம் பரதமும் இல்லை, நாட்டுப்புறமும் இல்லை. இடுப்பும் முழங்காலும் ரப்பர் மாதிரி. தடாலென்று விழுந்து, விழுந்த வேகத்திலேயே எழுவார்.

‘சபாஷ் மீனா'வில் அவர் செய்த இன்னொரு காரியம் அதிகம் பேசப்படுவதில்லை. அதில் ஒரு வேடம் படித்த இளைஞன், இன்னொன்று ரிக்‌ஷாக்காரன். அந்த ரிக்‌ஷாக்காரனுக்காகச் சுத்தமான மெட்ராஸ் பாஷை பேசினார். மேடைத்தமிழும் அடுக்குமொழியும் கோலோச்சிய நேரத்தில், தெருவின் பேச்சைத் திரையில் முழுமையாகக் கேட்க வைத்த ஆரம்பகால நடிப்புகளில் அது ஒன்று. லூஸ் மோகனிலிருந்து கமல்ஹாசன் வரை பின்னால் அந்த வழியில் பலர் வந்தார்கள். முதலில் நடந்தவர் தூத்துக்குடியில் பிறந்து கொழும்பில் வளர்ந்து, உச்சரிப்பு சரியில்லை என்று திருப்பி அனுப்பப்பட்டவர்.

இதே படத்தைப் பந்துலு 1962-ல் இந்தியில் ‘தில் தேரா தீவானா' என்று எடுத்தார். ஷம்மி கபூர் ஹீரோ. சந்திரபாபு செய்ததை அங்கே செய்தவர் மெஹ்மூத். அதற்காக மெஹ்மூதுக்குச் சிறந்த துணை நடிகருக்கான ஃபிலிம்ஃபேர் விருது கிடைத்தது.

1959-ல் ஏவிஎம்மின் ‘சகோதரி'. படம் முழுக்க எடுத்து முடித்த பிறகு, ஏதோ குறைகிறது என்று ஏ.வி. மெய்யப்ப செட்டியாருக்குத் தோன்றியது. சந்திரபாபுவைக் கூப்பிட்டார்கள். பால்காரனாக ஒரு தனி காமெடி டிராக் உருவானது. நடுவே சேர்த்தார்கள். படம் ஓடியது. அந்த வேலைக்கு அவர் ஒரு லட்சம் ரூபாய் கேட்டார் என்பார்கள். அன்று ஒரு காமெடி நடிகர் வாயைத் திறந்து கேட்கக்கூடிய தொகை இல்லை அது. ஹீரோவுக்குக் கொடுப்பதை விட ஒரு ரூபாயாவது கூடுதலாக வேண்டும் என்று கேட்பார் என்றுகூட ஒரு கதை உண்டு. கணக்குப் புத்தகத்தை யாரும் காட்டவில்லை. ஆனால் அப்படிக் கேட்கக்கூடியவர்தான் என்று எல்லாரும் நம்பினார்கள் என்பதே அவரைப் பற்றி நிறையச் சொல்கிறது.

பெரியவர், சிறியவர் என்று பார்த்துப் பணியும் உலகம் அது. இவர் எல்லாரிடமும் தோளில் கைபோடும் ரகம். இங்கிலீஷ் கலந்து பேசுவார். மனதில் பட்டதைப் பத்திரிகையிலும் சொல்வார். பெரிய நடிகர்களின் நடிப்பைப் பற்றிக்கூட வெளிப்படையாகக் கருத்துச் சொன்னார். இதை ரசித்தவர்களும் உண்டு. குடியரசுத் தலைவர் ராதாகிருஷ்ணன் முன்னால் பாடியபோது, அவர் நன்றாக ரசித்ததைப் பார்த்து உற்சாகமாகி, ஓடிப்போய் அவர் மடியில் உட்கார்ந்து கன்னத்தைத் தட்டினார் என்பது சந்திரபாபுவைப் பற்றி அதிகம் சொல்லப்படும் சம்பவம். ராதாகிருஷ்ணன் கோபப்படவில்லையாம். கோடம்பாக்கத்தில் எல்லாரும் ராதாகிருஷ்ணன் இல்லையே.

ஹீரோ ஆசை

எல்விஸுக்கு வருவோம். 1956-ல் ‘லவ் மீ டெண்டர்' படத்தில் நடிகர் ஆனார். அதன் பிறகு மொத்தம் 31 கதைப் படங்கள். பெரும்பாலானவை சுமார்தான். ஆனால் ஹாலிவுட் அவரை ஹீரோவாகவே வைத்திருந்தது. கதை எதுவாக இருந்தாலும் அவர் பாடுவார், ஆடுவார், பெண் அவரைக் காதலிப்பாள். அவருக்குப் பின்னால் ஒரு மேனேஜர், ஒரு ஸ்டுடியோ, ஓர் இசைத்தட்டுக் கம்பெனி என்று பெரிய இயந்திரமே இயங்கியது.

சந்திரபாபுவுக்குப் பின்னால் யாரும் இல்லை. ஒரு கவிஞர் மட்டும் துணிந்தார். கண்ணதாசன். 1960-ல் அவர் தயாரித்த ‘கவலை இல்லாத மனிதன்' படத்தில் சந்திரபாபுதான் நாயகன். கே. சங்கர் இயக்கம், எம்.ஆர். ராதா, டி.எஸ். பாலையா என்று பலமான கூட்டணி. பாட்டெல்லாம் நின்றது. படம் நிற்கவில்லை. கண்ணதாசன் கடனில் மூழ்கினார்.

இதில் சந்திரபாபுவைக் குற்றமற்றவர் ஆக்கவும் முடியாது. படப்பிடிப்புக்கு அவர் ஒழுங்காக வரவில்லை என்று கண்ணதாசனே பின்னால் எழுதினார். அழைத்துப் போக வீட்டுக்குப் போய்க் காத்திருந்தால், பின்வாசல் வழியாகக் கிளம்பிப் போய்விட்டார் என்று தெரிந்ததாம். படத்தின் தலைப்போ ‘கவலை இல்லாத மனிதன்'. கவலை முழுவதும் தயாரிப்பாளருக்கு. இத்தனைக்கும் இருவருடைய உறவு முறியவில்லை. 1962-ல் ‘அன்னை' படத்துக்காகக் கண்ணதாசன் எழுதி இவர் பாடிய பாட்டுதான், இன்றும் இவர் பெயரைச் சொன்னதும் எல்லார் வாயிலும் வருவது. புத்திசாலிக்கும் வெற்றிக்கும் சம்பந்தம் இல்லை என்று அதில் சந்திரபாபு பாடும்போது, நடிப்பு எங்கே முடிகிறது, சொந்தக் கதை எங்கே தொடங்குகிறது என்று பிரிக்க முடியாது.

1961-ல் ‘குமார ராஜா'. அதிலும் ஹீரோ. அதுவும் அவரை ஹீரோவாக நிலைநிறுத்தவில்லை.

ஏன்? திறமைக் குறைவு என்று யாரும் சொல்ல முடியாது. அன்றைய தமிழ் ரசிகருக்குக் கதாநாயகன் என்றால் ஒரு இலக்கணம் இருந்தது. வசனம் முழங்க வேண்டும், வாள் வீச வேண்டும், அல்லது கண்ணீரில் நனைக்க வேண்டும். மேற்கத்திய உடை, இங்கிலீஷ் பாட்டு, இடுப்பாட்டம் என்றால் அது ஒன்று வில்லனின் கிளப், இல்லையென்றால் காமெடியனின் சேட்டை. சந்திரபாபு திரையில் வந்ததுமே ஜனங்கள் சிரிக்கத் தொடங்கினார்கள். அழ வைக்க அவர் முயன்றாலும் முதலில் சிரித்துவிட்டுத்தான் யோசித்தார்கள்.

காலம் மாறியது உண்மை. ஆனால் அதன் பலன் அவருக்கு வரவில்லை. 1964-ல் ஸ்ரீதரின் ‘காதலிக்க நேரமில்லை'யில் புதுமுகம் ரவிச்சந்திரன் மேற்கத்தியத் துள்ளலோடு ஆடியபோது அது ஹீரோ ஆட்டம். 1966-ல் ‘அன்பே வா'. கதை நடப்பது சிம்லாவில். சிம்லாவோடு ஊட்டியிலும் எடுத்தார்கள். தொப்பி போட்டுக்கொண்டு, கல்லூரிப் பிள்ளைகளோடு போட்டி போட்டு ட்விஸ்ட் ஆடினார் எம்.ஜி.ஆர். தியேட்டர் அதிர்ந்தது. பத்து வருடங்களாகச் சந்திரபாபு செய்துவந்ததுதான். ஏற்கெனவே ஹீரோவாக இருப்பவர் செய்தபோது அது ஸ்டைல் ஆனது. அந்தப் படத்தில் காமெடி செய்தவர் நாகேஷ். 1964-ல் ‘சர்வர் சுந்தரம்' வந்ததிலிருந்தே அந்த இடம் நாகேஷுடையது ஆகிவிட்டது. அதாவது, ஹீரோ நாற்காலியும் கிடைக்கவில்லை, காமெடி நாற்காலியும் கைவிட்டுப் போயிற்று.

வீடும் கடனும்

1958-ல் அவருக்குத் திருமணம் நடந்தது. அந்த உறவு தொடங்கிய வேகத்திலேயே முடிந்தது. மனைவியின் மனதில் ஏற்கெனவே வேறொருவர் இருந்தார் என்று தெரிந்ததும், அவரை அவர் விருப்பப்படி வாழ அனுப்பிவைத்தார் சந்திரபாபு. 1981-ல் பாக்யராஜ் எடுத்த ‘அந்த 7 நாட்கள்' படத்துக்கு இந்த நிகழ்வுதான் தூண்டுதல் என்று சொல்லப்படுகிறது. படத்தில் அந்தக் கதைக்குக் கைதட்டல் கிடைத்தது. நிஜத்தில் அவருக்குத் தனிமையும் குடியும்தான் மிஞ்சின. அதன் பிறகு அவர் வேறு குடும்பம் அமைத்துக்கொள்ளவில்லை.

சென்னையில் ஒரு பெரிய வீடு கட்ட ஆரம்பித்தார். கார் நேராக மாடி வரை ஏறிப்போகும்படி சரிவுப் பாதை வைத்த வீடு. அது அந்த நாளில் ஊர்ப் பேச்சு. அதே வேகத்தில் தயாரிப்பாளராகவும் இறங்கினார். ‘மாடி வீட்டு ஏழை' என்று பெயர். எம்.ஜி.ஆரை ஹீரோவாகப் போட்டு, தானே இயக்குவது என்று திட்டம். கொஞ்சம் எடுத்ததோடு படம் நின்றது. கால்ஷீட் தகராறு என்றார்கள், வாய்த்தகராறு என்றார்கள். யார் பக்கம் நியாயம் என்று திரையுலகில் இன்னும் இரண்டு விதமாகவும் பேசுகிறார்கள். போட்ட பணம் போனதில் மட்டும் சந்தேகமில்லை. கடனுக்காக வீடும் போயிற்று. மாடிவீட்டுக்காரர் நிஜமாகவே ஏழையானார். படத்துக்கு வேறு தலைப்பு வைத்திருக்கலாம்.

அப்படியும் அடங்கவில்லை. 1966-ல் ‘தட்டுங்கள் திறக்கப்படும்'. கதை, இயக்கம், நடிப்பு எல்லாம் அவரே. பைபிள் வாசகத்தைத் தலைப்பாக வைத்தார். ஜெமினி கேட்டில் தட்டித் தட்டி ஓய்ந்தவருக்கு அந்த வாசகம் என்னவாக இருந்திருக்கும் என்று சொல்லவே வேண்டாம். காமெடிப் படம் எதிர்பார்த்து வந்தவர்களுக்கு அவர் கொடுத்தது சீரியஸ் படம். கூட்டம் வரவில்லை. கிஷோர் குமாரும் இதற்கு இரண்டு வருடம் முன்னால் ‘தூர் ககன் கி சாவோன் மேன்' என்ற சோகப் படத்தைத் தானே இயக்கி நடித்திருந்தார். ஆனால் அவருக்கு விழ ஒரு மெத்தை இருந்தது. அது பின்னணிப் பாடகர் என்ற தொழில். 1969-ல் ‘ஆராதனா' வந்தபோது ராஜேஷ் கன்னாவின் குரலாக மறுபிறவி எடுத்தார். சந்திரபாபுவின் குரலைத் தனக்குப் பொருத்திக்கொள்ள இங்கே எந்த ஹீரோவும் கேட்கவில்லை. அவருடைய குரல் அவருடைய உடம்போடு ஒட்டியது. அவர் நடிக்கவில்லை என்றால் அதற்கும் வேலை இல்லை.

கடைசி வருடங்கள்

எம்.ஜி.ஆரோடு இருந்த கசப்புக்குப் பிறகும் அவருடைய படங்களில் சந்திரபாபு நடித்தார் என்பது பலருக்கு ஆச்சரியமாக இருக்கும். ‘பறக்கும் பாவை', ‘கண்ணன் என் காதலன்', ‘அடிமைப் பெண்' மூன்றிலும் இருக்கிறார். ‘அடிமைப் பெண்' வந்தபோது அவருக்கு வயது 41. பார்த்தால் அதைவிடக் கூடுதலாகத் தெரியும். அந்த ரப்பர் உடம்பு தளர்ந்திருந்தது. குடி ஒரு பக்கம், உடல்நலக் கோளாறு ஒரு பக்கம்.

அந்த நாட்களில் அவருக்குத் துணையாக நின்றவர்களில் முக்கியமானவர் எம்.எஸ். விஸ்வநாதன். எம்.எஸ்.வி. வீட்டுக்கு எப்போது வேண்டுமானாலும் போகலாம், சாப்பிடலாம், இசை பேசலாம். மெட்டுப் பிறக்கும்போது பக்கத்தில் உட்கார்ந்து ஆடிக்காட்டுவார். சந்திரபாபுவின் ரசனையும் மேற்கத்திய இசை அறிவும் எம்.எஸ்.வி.க்கு எவ்வளவு பிடிக்கும் என்பதைப் பிற்காலத்தில் அவரே பல மேடைகளில் சொல்லியிருக்கிறார். 1960-களின் எம்.எஸ்.வி. பாடல்களில் ட்விஸ்ட்டும் ராக் தாளமும் துள்ளும் இடங்களைக் கேட்கும்போது, அந்த அறையில் யார் உட்கார்ந்திருந்தார் என்பதையும் சேர்த்து நினைத்துக்கொள்ளலாம்.

1974 மார்ச் 8-ம் தேதி சந்திரபாபு சென்னையில் காலமானார். அப்போது அவருக்கு 46 வயது. அவர் நடித்த ‘பிள்ளைச் செல்வம்' அதே ஆண்டில்தான் வெளிவந்தது. மூன்று வருடம் கழித்து எல்விஸ் இறந்தபோது, அமெரிக்க அதிபர் இரங்கல் அறிக்கை வெளியிட்டார். மெம்பிஸில் அவருடைய வீடு இன்று அருங்காட்சியகம். சந்திரபாபு ஆசையாகக் கட்டிய வீடு, அவர் சாவதற்குப் பல வருடங்கள் முன்பே அவருடையதாக இல்லை.

தான் இறந்தால், புதைப்பதற்கு முன் உடலை எம்.எஸ்.வி.யின் வீட்டில் கொஞ்ச நேரம் வைக்க வேண்டும் என்று அவர் கேட்டிருந்ததாகச் சொல்வார்கள். அப்படியே செய்தார்கள். தமிழ் உச்சரிப்பு சரியில்லை என்று ஒருநாள் திருப்பி அனுப்பிய நண்பரின் வீட்டு வாசலிலிருந்து, சாந்தோம் பக்கமுள்ள குவிபிள் ஐலண்ட் கல்லறைக்கு அவரைக் கொண்டுபோனார்கள்.